கையிலிருந்து சொல்லுக்கு: ஓர் அகராதி எந்தப் பக்கம் பார்த்து நிற்கிறது?

சாரல் காலத்தில் குற்றாலம் பேரருவிக்குக் கீழே நின்றவர்களுக்குத் தெரியும், அங்கே பேச்சு செல்லாது. பக்கத்தில் நிற்பவர் கத்தினாலும் காதில் விழாது. எண்ணெய் தேய்த்துவிட்டவர், துண்டைக் கேட்பவர், பிள்ளையைத் தேடும் தாய், வரிசையை ஒதுக்கும் போலீஸ்காரர் எல்லோரும் கையால்தான் பேசுவார்கள். அந்தப் பத்து நிமிடம் காது கேட்பவருக்கும் கேளாதவருக்கும் வேறுபாடு கிடையாது. அருவியை விட்டு வெளியே வந்து தலை துவட்டியதும் நாம் நம் மொழிக்குத் திரும்பிவிடுகிறோம். காது கேளாதவர் மட்டும் மறுபடி 'ஊமை' ஆகிவிடுகிறார்.

இதை எழுத வைத்தது அருவி அல்ல, ஒரு காவல் நிலையம். எந்த நிலையம், எந்த ஊர் என்று எழுதப்போவதில்லை. வழக்கு நடக்கிறது. பாதிக்கப்பட்ட பெண்ணின் அடையாளம் வெளியே வரக்கூடாது. தென்காசி மாவட்டத்தில் ஒரு சேரி, பீடி சுற்றும் குடும்பம், பிறவியிலேயே காது கேளாத இருபத்திரண்டு வயதுப் பெண். பள்ளிக்கூடத்துக்குப் போனது இரண்டு வருடம். அதுவும் சாதாரணப் பள்ளியில், கடைசி பெஞ்சில். இவ்வளவு போதும்.

சுற்றிய பீடியைக் கடையில் கொடுத்துவிட்டுத் திரும்பிய ஒரு மாலையில் ஒருவன் அவளை வழிமறித்துக் கையைப் பிடித்து இழுத்திருக்கிறான். வீட்டுக்கு வந்து அம்மாவிடம் சொன்னாள். சொன்னாள் என்றுதான் எழுதுகிறேன். அவள் கைகளால் சொன்னதை அம்மா ஒரு சொல் விடாமல் புரிந்துகொண்டார். மறுநாள் நிலையத்துக்குப் போனோம். அங்கே கேட்ட கேள்வி இது: "இவ கையாட்டுறத வச்சு நான் என்னத்தம்மா எழுத?"

அம்மா சொன்னார்: "சார், அவ சொல்லுதத நான் சொல்லுதேன், நீங்க எழுதுங்க."

"நீ அம்மா. நீ உன் இஷ்டத்துக்குச் சொல்லுவ."

நான் போனை எடுத்தேன். அதில் ஒரு சைகை மொழி அகராதி இருந்தது. சமூகவியலில் முதுகலை முடித்து, பன்னிரண்டு வருடம் களப்பணி பார்த்த எனக்கு அந்த நிமிடத்தில்தான் ஒரு விஷயம் உறைத்தது. அந்த அகராதியில் ஒரு சொல்லைத் தட்டினால் அதற்கான சைகை வரும். அவள் காட்டும் சைகையைக் கொடுத்தால் சொல் வராது. போலீஸ்காரர் அவளிடம் ஏதாவது கேட்க வேண்டுமென்றால் அது உதவும். அவள் போலீஸ்காரரிடம் ஏதாவது சொல்ல வேண்டுமென்றால் உதவாது. கேட்பவர் பக்கம் பார்த்து நின்ற அகராதி அது.

இதைவிடப் பெரிய சிக்கல் ஒன்றும் இருந்தது. அவள் அடிக்கடி காட்டிய ஒரு சைகை, இரு விரலால் மீசையை முறுக்கிவிட்டுக் கையை மேல் நோக்கி வீசுவது. இந்தியச் சைகை மொழியில் மீசையைத் தொட்டுக் காட்டினால் 'ஆண்' என்று பொருள். நிலையத்துக்கு வந்திருந்த, சைகை கொஞ்சம் தெரிந்த ஒருவரும் அப்படித்தான் சொன்னார்: "ஒரு ஆம்பள." அம்மா தலையை ஆட்டினார். "ஆம்பளன்னா அவ தாடையத் தடவுவா. அவ அப்பாவுக்கும் தாடைதான். மீசைய முறுக்குனா அது மேலத் தெருக்காரவுக."

அந்த வீட்டின் மொழியில் மீசை என்பது ஆணைக் குறிக்கவில்லை, சாதியைக் குறித்தது. யாரும் அவளுக்குச் சாதி என்ற சொல்லைக் கற்றுக்கொடுக்கவில்லை. தெருவில் யார் மீசையை முறுக்கிக்கொண்டு நடக்க முடியும், யாரால் முடியாது என்பதைப் பார்த்து அவளே உண்டாக்கிக்கொண்ட சொல் அது. 'ஒரு ஆண்' என்று எழுதியிருந்தால் அது ஒரு சாதாரணப் புகார். 'மேலத் தெருக்காரன்' என்று எழுதினால் வன்கொடுமைத் தடுப்புச் சட்டத்தின் கதவு திறக்கிறது. ஒரு சைகையின் பொருளில் ஒரு சட்டமே தொங்கிக்கொண்டிருந்தது.

அகராதி என்பது மேசையில் தூங்கும் புத்தகம் என்றே நாம் நினைத்திருக்கிறோம். அது யாருக்காக, யாரை வைத்து, எந்தத் திசையில் உண்டாக்கப்பட்டது என்ற வரலாற்றை நம் போன்றவர்கள் கட்டாயம் படிக்க வேண்டும்.

பாளையங்கோட்டையிலிருந்து டெல்லி வரை

நம் பகுதி இந்த வரலாற்றில் பின்தங்கிய பகுதி அல்ல. இந்தியாவில் காது கேளாதோருக்கான முதல் பள்ளிகள் பம்பாயிலும் கல்கத்தாவிலும் 1880, 1890-களில் தொடங்கின. அந்த நூற்றாண்டு முடிவதற்குள் பாளையங்கோட்டையிலும் ஒரு பள்ளி வந்துவிட்டது. ஃபுளாரன்ஸ் ஸ்வெயின்சன் என்ற மிஷனரிப் பெண் தொடங்கியது. இன்றும் அவர் பெயரிலேயே மேல்நிலைப்பள்ளியாக நடக்கிறது. தென்காசி 2019 நவம்பரில் தனி மாவட்டம் ஆகும் வரை நமக்கும் பாளையங்கோட்டைதான் மாவட்டத் தலைநகரை ஒட்டிய ஊர். காது கேளாத பிள்ளையை எங்கே சேர்ப்பது என்று கேட்டால் இன்றும் நம் ஊர்ப் பெரியவர்கள் அந்தப் பக்கம்தான் கை காட்டுவார்கள்.

ஆனால் அந்தக் காலத்து உலகம் சைகைக்கு எதிராகத் திரும்பியிருந்தது. 1880-இல் இத்தாலியின் மிலான் நகரில் காது கேளாதோர் கல்விக்கான மாநாடு கூடியது. கலந்துகொண்ட 164 பேரில் காது கேளாதவர் ஒரே ஒருவர். அந்த மாநாடு, பள்ளிகளில் சைகை வேண்டாம், உதட்டசைவைப் பார்த்துப் பேசப் பழக்குவதே சரி என்று தீர்மானம் போட்டது. அடுத்த நூறு வருடம் உலகம் முழுக்க வகுப்பறைகளில் பிள்ளைகளின் கைகள் அடக்கப்பட்டன. இந்தியாவிலும் பெரும்பாலான பள்ளிகள் வாய்மொழிப் பயிற்சியைத்தான் பெரிதாக நினைத்தன. ஆனாலும் விடுதி உள்ள இடத்தில் மொழியைத் தடுக்க முடியாது. ஆசிரியர் தலை மறைந்ததும் பிள்ளைகள் தங்களுக்குள் சைகையில் பேசினார்கள். பெரிய பிள்ளைகளிடமிருந்து சின்னப் பிள்ளைகள் கற்றார்கள். இந்தியச் சைகை மொழியை வளர்த்தவர்கள் பண்டிதர்கள் அல்லர், விடுதிப் பிள்ளைகள்.

அப்படி வளர்ந்த மொழியை நூலாக்கும் வேலை 1970-களில்தான் முறையாகத் தொடங்கியது. சிறுவயதில் காது கேட்கும் திறனை இழந்து, பிறகு அமெரிக்காவில் படித்த மதன் வசிஷ்டாவும், ஜேம்ஸ் உட்வர்ட் போன்ற மொழியியலாளர்களும் சேர்ந்து டெல்லி, பம்பாய், கல்கத்தா, பெங்களூரு நான்கு நகரங்களின் சைகைகளைத் திரட்டினார்கள். 1980-களில் அவை நூல்களாக வந்தன. நகரத்துக்கு நகரம் சொற்கள் மாறினாலும் அடிப்படையில் இது ஒரே மொழி என்று அவர்கள் காட்டினார்கள். அந்த நான்கில் சென்னை இல்லை. கிராமமும் இல்லை. 2001-இல் கோயம்புத்தூர் ஸ்ரீ ராமகிருஷ்ணா மிஷன் வித்யாலயா, பல மாநிலங்களின் சைகைகளைத் தொகுத்து ஓர் இந்தியச் சைகை மொழி அகராதியை அச்சிட்டது. தமிழ்நாட்டிலிருந்து வந்த முக்கியமான முயற்சி அது.

அரசாங்கம் விழித்துக்கொள்ள இன்னும் 14 வருடம் ஆனது. 2015-இல் டெல்லியில் இந்தியச் சைகை மொழி ஆய்வு மற்றும் பயிற்சி மையம் அமைந்தது. 2018 மார்ச்சில் 3,000 சொற்களோடு அதன் அகராதி வந்தது. 2019-இல் 6,000 சொற்கள், 2021 பிப்ரவரியில் 10,000 சொற்கள். அன்றாடச் சொற்களோடு சட்டம், மருத்துவம், விவசாயம், தொழில்நுட்பம், கல்வி என்று பிரிவுகளும் வந்தன. மூன்றாம் பதிப்பில் வட்டாரச் சைகைகளும் சேர்க்கப்பட்டன. காது கேளாதவர்களே இந்த வேலையில் பங்கெடுத்தார்கள். இது குறைத்துச் சொல்ல முடியாத சாதனை. ஆனால் இந்தப் பதிப்புகள் வந்தது ஆங்கிலத்திலும் இந்தியிலும். 2011 கணக்கெடுப்பின்படி காது கேளாதோர் இந்தியாவில் சுமார் 50 லட்சம் பேர். அவர்களில் எத்தனை வீடுகளில் ஆங்கிலமோ இந்தியோ தெரியும்?

அதே கணக்கெடுப்பில் இன்னொரு எண்ணும் இருக்கிறது. மொத்த மக்கள்தொகையில் மாற்றுத்திறனாளிகள் 2.21 விழுக்காடு. பட்டியல் சாதியினரிடையே 2.45 விழுக்காடு. பிரசவம் பார்க்க ஆளில்லாத, காய்ச்சலுக்குச் சரியான மருந்து கிடைக்காத, காது வலிக்கு எண்ணெய் ஊற்றிவிட்டுக் கூலிக்குப் போன வீடுகளை அறிந்தவர்களுக்கு இந்த எண்ணுக்கு விளக்கம் வேண்டாம்.

மாவோரிகளின் அனுபவம்

இரண்டு ஒடுக்கப்பட்ட மொழிகளை, ஒன்றை வாயால் பேசுவது, மற்றொன்றைக் கையால் பேசுவது, ஒரே நாடு எப்படி நடத்தியது என்று பார்க்க நியூசிலாந்து போக வேண்டும். அது நமக்கு அவ்வளவு தூரத்து ஊரும் அல்ல. 1814-இல் அங்கே போய் இறங்கிய அதே சர்ச் மிஷனரி சொசைட்டிதான் 1820-இல் ரேனியஸைப் பாளையங்கோட்டைக்கு அனுப்பியது.

மாவோரி மொழியில் முதல் நூலை 1815-இல் தாமஸ் கெண்டல் என்ற மிஷனரி அச்சிட்டார். 1820-இல் ஹோங்கி ஹிக்கா, வைக்காட்டோ என்ற இரு மாவோரித் தலைவர்கள் இங்கிலாந்து சென்றார்கள். அவர்கள் சொல்லச் சொல்ல, கேம்பிரிட்ஜில் சாமுவேல் லீ இலக்கணமும் சொற்பட்டியலும் தயாரித்தார். 1844-இல் வில்லியம் வில்லியம்ஸின் அகராதி வந்தது. அது பலமுறை திருத்தப்பட்டு இன்றும் புழக்கத்தில் இருக்கிறது. இந்த நூல்கள் மாவோரி மொழிக்குப் பெரிய கொடை. ஆனால் தொடக்கத்தில் அவை எதற்காக உண்டாயின? வந்தவர் மாவோரியிடம் பேசுவதற்கு, போதிப்பதற்கு, நிலம் பற்றிப் பேரம் பேசுவதற்கு. இவையும் கேட்பவர் பக்கம் பார்த்து நின்ற அகராதிகள்தான்.

இதில் தமிழருக்கும் ஒரு கதை உண்டு. மிஷன் அச்சகத்தை நடத்திய வில்லியம் கொலென்சோ 1836 வாக்கில் ஓர் ஊரில் மாவோரிப் பெண்கள் ஒரு வெண்கலப் பாத்திரத்தில் உருளைக்கிழங்கு வேகவைப்பதைப் பார்த்தார். அது உண்மையில் ஒரு கப்பல் மணியின் பகுதி. அதன் விளிம்பில் எழுத்துகள் இருந்தன. ஓர் இரும்புப் பானையைக் கொடுத்து அதை வாங்கிக்கொண்டார். பின்னாளில் அது தமிழ் என்று தெரிந்தது. முகையதீன் வக்குசு என்பவருடைய கப்பலின் மணி என்று எழுதியிருந்தது. இன்று அது வெலிங்டன் அருங்காட்சியகத்தில் இருக்கிறது. இதே கொலென்சோ தன் வாழ்நாளில் ஒரு பெரிய மாவோரி அகராதியைத் தொடங்கினார். அதில் ஒரு சிறு பகுதி மட்டும் 1898-இல் அச்சேறியது. அடுத்த ஆண்டு இறந்துபோனார்.

அந்த மணியை வைத்துக் கிழங்கு அவித்த பெண்களிடம் எந்தத் தவறும் இல்லை. அவர்களுக்கு அந்த எழுத்தைப் படித்துச் சொல்ல யாரும் இல்லை. ஆனால் காவல் நிலையத்தில் அந்தப் பெண்ணின் கைகளைப் பார்த்து 'கையாட்டல்' என்று சொன்னவருக்கு இந்தச் சமாதானம் பொருந்தாது. படித்துச் சொல்ல அம்மா பக்கத்திலேயே நின்றார்.

மாவோரிப் பிள்ளைகள் பள்ளியில் தாய்மொழி பேசினால் அடி வாங்கினார்கள். காது கேளாத பிள்ளைகளுக்கு 1880-இல் சம்னரில் பள்ளி திறந்தபோது, அதன் தலைவர் வான் ஆஷ் சைகையை முழுக்க ஒதுக்கினார். கிட்டத்தட்ட நூறு வருடம், 1979 வரை, அந்த நாட்டின் பள்ளிகள் சைகைக்கு இடம் தரவில்லை. ஒரு கூட்டத்தின் நாக்குக்குத் தண்டனை, இன்னொரு கூட்டத்தின் கைக்குத் தண்டனை. மாவோரியாகவும் காது கேளாதவராகவும் பிறந்த பிள்ளைக்கு இரண்டும்.

இது தானாக மாறவில்லை. 1972-இல் மாவோரி இளைஞர்கள் 30,000-க்கும் மேற்பட்ட கையெழுத்துகளோடு நாடாளுமன்றத்தில் மனு கொடுத்தார்கள். 1987-இல் மாவோரி ஆட்சிமொழி ஆனது. 2006-இல் நியூசிலாந்துச் சைகை மொழியும் ஆட்சிமொழி ஆனது. அகராதிகளின் திசையும் திரும்பியது. 2008-இல் மாவோரி மொழி ஆணையம் 'ஹெ பாட்டாக்கா குப்பு' என்ற அகராதியை வெளியிட்டது. மாவோரிச் சொல்லுக்கு மாவோரியிலேயே பொருள். இடையில் ஆங்கிலம் இல்லை. சைகை மொழிக்கு 1997-இல் கிரேம் கென்னடி பதிப்பித்த பெரிய அகராதி வந்தது. 2011-இல் அது இணையத்துக்கு வந்தது. அதில் கை எந்த வடிவில் இருக்கிறது, உடலின் எந்த இடத்தில் காட்டப்படுகிறது என்பதைக் கொடுத்தும் தேடலாம். கையிலிருந்து சொல்லுக்குப் போகலாம்.

அந்தக் காவல் நிலையத்தில் எனக்குத் தேவைப்பட்டது இதுதான்.

யாருடைய கைகள்?

இந்த வழியை முதலில் போட்டது 1965-இல் அமெரிக்காவில் வந்த ஓர் அகராதி. வில்லியம் ஸ்டோக்கி, காது கேளாதவர்களான டாரத்தி கேஸ்டர்லைன், கார்ல் குரோன்பெர்க் மூவரும் உண்டாக்கியது. ஆங்கில அகரவரிசையை விட்டுவிட்டு, கை வடிவம், இடம், அசைவு என்று சைகைகளின் சொந்த உறுப்புகளை வைத்து அடுக்கினார்கள். சைகை என்பது வெறும் கையாட்டல் அல்ல, இலக்கணம் உள்ள மொழி என்பதற்கு அந்த அடுக்குமுறையே சான்றாக நின்றது.

அதே நூலின் பின்னிணைப்பில் குரோன்பெர்க் இன்னொன்றையும் எழுதினார். கறுப்பர்களுக்குத் தனிப்பள்ளி, வெள்ளையர்களுக்குத் தனிப்பள்ளி என்று பிரித்து வைத்திருந்ததால், காது கேளாத கறுப்பர்களின் சைகைகள் வேறுபட்டு வளர்ந்திருக்கின்றன என்று. அதை விரிவாக ஆராய்ந்து கரோலின் மெக்காஸ்கில் குழுவினர் நூலாக்கியது 2011-இல்தான். இடையில் 46 வருடம். நிறவெறி மொழியிலும் கோடு போடும், அந்தக் கோட்டுக்கு அப்பால் இருப்பவர்களின் சொற்கள் 'தவறான சைகை' என்று ஒதுக்கப்படும் என்பதற்கு இதைவிடத் தெளிவான எடுத்துக்காட்டு வேண்டுமா?

நம் ஊரில் பிரிவினை இன்னும் கொடியது. இங்கே சேரியின் காது கேளாத பிள்ளைகளில் பலருக்குப் பள்ளியே இல்லை. பள்ளி இல்லாவிட்டால் விடுதி இல்லை, விடுதி இல்லாவிட்டால் பொதுச் சைகை மொழி இல்லை. வீட்டுக்குள் பிறக்கும் வீட்டுச் சைகை மட்டும் மிஞ்சுகிறது. அதைப் புரிந்துகொள்பவர்கள் அம்மா, தங்கை, பக்கத்து வீட்டு ஆச்சி. அந்த அம்மா இறந்துபோனால் ஒரு முழு மொழியும் அவரோடு சேர்ந்து புதைக்கப்படும்.

நம் இயக்கத்தைப் பார்த்தும் ஒரு கேள்வி கேட்க வேண்டும் தோழர்களே. 1920 ஜனவரி 31 அன்று அண்ணல் அம்பேத்கர் தொடங்கிய இதழின் பெயர் 'மூக்நாயக்'. ஊமைகளின் தலைவர் என்று பொருள். பேச வாயிருந்தும் பேச விடப்படாதவர்களுக்காக வந்த பெயர் அது. அதற்குப் பிறகு 'குரலற்றவர்களின் குரல்' என்று எத்தனை மேடைகளில் நாம் பேசியிருக்கிறோம்! அந்த மேடைகளில் ஒன்றிலாவது சைகை மொழிபெயர்ப்பாளரை நிறுத்தியிருக்கிறோமா? நமக்கு 'ஊமை' ஓர் உருவகம். சேரியின் கடைசி வீட்டுப் பெண்ணுக்கு அது தினமும் விழும் வசவு.

சொல்லின் பொருளை யார் எழுதுவது என்பது நமக்குப் புதிய போராட்டமும் அல்ல. 1907-இல் 'ஒரு பைசாத் தமிழன்' தொடங்கிய பண்டிதர் அயோத்திதாசர், நம்மை இழிவுபடுத்தும் சொற்களைப் பிரித்துப் பிரித்து வேறு பொருள் காட்டினார். பறையர் என்ற நம் பெயர் ஆங்கிலத்துக்குப் போய் 'பறையா' ஆகி, எல்லோராலும் ஒதுக்கப்பட்டவன் என்ற பொருளில் இன்றும் ஆங்கில அகராதியில் கிடக்கிறது. நம்மைக் கேட்காமல் எழுதப்பட்ட அகராதி என்ன செய்யும் என்பதை நம்மைவிட அறிந்தவர் யார்? அப்படியிருக்க, நம் வீட்டுக் காது கேளாத பெண்ணின் மீசைச் சைகைக்கு 'ஆண்' என்று யாரோ பொருள் எழுதும்போது நாம் சும்மா இருக்கலாமா?

சட்டம் நம் பக்கம் ஓரளவு இருக்கிறது. 2013-இல் குற்றவியல் சட்டத்தில் வந்த திருத்தம், பாலியல் குற்றத்தில் பாதிக்கப்பட்ட பெண் மாற்றுத்திறனாளியாக இருந்தால் அவள் வீட்டிலோ அவளுக்கு வசதியான இடத்திலோ, மொழிபெயர்ப்பாளர் அல்லது சிறப்புக் கல்வியாளர் முன்னிலையில் புகாரைப் பதிய வேண்டும், அதைக் காணொளியாகவும் பதிய வேண்டும் என்கிறது. 2024 ஜூலை 1 முதல் நடைமுறைக்கு வந்த பாரதிய நாகரிக் சுரக்ஷா சன்ஹிதாவிலும் இது தொடர்கிறது. 2016 மாற்றுத்திறனாளிகள் உரிமைச் சட்டம் சைகை மொழியையும் ஒரு தொடர்பு முறையாக ஏற்கிறது. 2023-இல் உச்ச நீதிமன்றத்தில் காது கேளாத வழக்கறிஞர் சாரா சன்னி மொழிபெயர்ப்பாளர் வழியாக வாதிட்டார். உச்ச நீதிமன்றம் வரை ஏறிவிட்ட மொழி, நம் ஊர்க் காவல் நிலையத்தின் வாசற்படி ஏறுவதற்குத் தடுமாறுகிறது.

எங்கள் வழக்கில் என்ன நடந்தது என்று ஒரு பகுதியை மட்டும் சொல்கிறேன். பல அலைச்சலுக்குப் பிறகு, காது கேளாத ஓர் இளைஞரைக் கூட்டி வந்தோம். பொதுச் சைகை மொழியும் அவருக்குத் தெரியும், வீட்டுச் சைகையோடு வளர்ந்த அனுபவமும் உண்டு. அவர் அந்தப் பெண்ணோடு பேசினார். அம்மா பக்கத்தில் இருந்து வீட்டுச் சொற்களை விளக்கினார். சிறப்புக் கல்வியாளர் அதைத் தமிழாக்கினார். கேமரா ஓடியது. மூன்று பேர் சேர்ந்த பாலத்தில் அவள் வாக்குமூலம் நடந்து வந்தது. மீசை முறுக்கிக் கை வீசும் சைகை வந்தபோது எழுதுபவர் நிறுத்திக் கேட்டார்: "இது யாரு?" அம்மா சொன்னார். எழுதப்பட்டது.

அதனால் நம் கோரிக்கைகள் எளிமையானவை. ஒவ்வொரு மாவட்டத்திலும் மொழிபெயர்ப்பாளர் பட்டியல் காவல் நிலையத்தில் ஒட்டப்பட வேண்டும், அதில் காது கேளாத மொழிபெயர்ப்பாளர்களும் இருக்க வேண்டும். அகராதியில் கை வடிவத்தைக் கொண்டும் தேட வழி வேண்டும். சைகை திரட்டப் போகிறவர்கள் நகரத்துச் சங்கங்களோடு நிற்காமல் சேரிக்குள்ளும் வர வேண்டும். இந்தியச் சைகை மொழி ஆட்சிமொழி ஆக வேண்டும் என்ற காது கேளாதோர் இயக்கத்தின் கோரிக்கையை நம் மேடைகளிலும் எழுப்ப வேண்டும்.

அதுவரை நாம் சும்மா இருக்க வேண்டியதில்லை. அந்த அம்மாவும் அவர் இளைய மகளும் நானும் சேர்ந்து ஒரு நாற்பது பக்க நோட்டில் அவளுடைய சைகைகளை எழுதிவருகிறோம். இடது பக்கம் தங்கை வரைந்த கையின் படம், வலது பக்கம் தமிழ். முதலில் கை, பிறகுதான் சொல். பீடி இலை, சொளவு, கூலி, பசி, மழை, பயம், வேண்டாம், மேலத் தெரு என்று இதுவரை 112 சேர்ந்திருக்கின்றன. போன வாரம் நோட்டைப் புரட்டிப் பார்த்த அவள், ஒரு படத்தைக் காட்டித் தலையாட்டி மறுத்தாள். கட்டைவிரல் உள்ளே மடங்க வேண்டுமாம். தங்கை அழித்து மறுபடி வரைந்தாள்.

உங்கள் தெருவிலும் ஒருவர் இருப்பார். ஒரு நோட்டு வாங்கிக்கொண்டு போய் அவர் அம்மாவின் பக்கத்தில் உட்காருங்கள்.